சுவாமியின் பயம்

பெங்களூருக்கு வேலைக்குப் போன புதிதில், ஆட்டோக்களின் பின்பக்கம் ஒரே ஒருவரின் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்ப்பேன். ‘ஆட்டோ ராஜா’வில் (1980) ஆட்டோ ஓட்டுநராக நடித்த சங்கர் நாக் என்றார்கள். நம்மூர் ஆட்டோவில் ரஜினி மாதிரி போல என்று விட்டுவிட்டேன். ‘மால்குடி டேஸ்’ இயக்கியவரும் அவர்தான் என்று தெரிந்தபோது கொஞ்சம் ஆடிப்போனேன்.

அந்தத் தொடரை முகத்துவாரக்குப்பத்தில், தூர்தர்ஷன் மறுஒளிபரப்பில், ஆயா பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவன் நான். ரெண்டு பேருக்கும் இந்தி சுத்தமாகத் தெரியாது. ஆனாலும் ஆயா சரியாகச் சொல்லிவிடும்: “பாவம்டா, வாத்தியாருக்குப் பயந்துகினு ஓடுது பாரு.”

இத்தனைக்கும் அது நம் பக்கத்துக் கதைதான். ஆர்.கே. நாராயண் புரசைவாக்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்தவர். ‘சுவாமியும் நண்பர்களும்’ 1935-இல் வந்தது. அவருடைய ‘கைடு’ 1965-இல் இந்திப் படமானபோது மால்குடியை ராஜஸ்தானுக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். அந்த எரிச்சலை நாராயண் ஒரு தனிக் கட்டுரையாகவே எழுதினார். இருபது வருஷம் கழித்து சங்கர் நாக் மால்குடியைக் கர்நாடகத்தின் ஆகும்பேவில் இறக்கினார். மொழி இந்திதான்; ஆனால் மழை, ஓடு, திண்ணை எல்லாம் தெற்கு. இசை நம்ம எல். வைத்தியநாதன்.

அப்போது சங்கர் நாக் முப்பதுகளின் தொடக்கத்தில் இருந்த கன்னட நட்சத்திரம். ‘கீதா’, ‘ஆக்ஸிடென்ட்’ என்று இயக்கவும் செய்தவர். அப்படிப்பட்டவர் ஒரு பொடியனின் கதையில் நாயகத்தனத்தை நுழைக்கவில்லை என்பதுதான் எனக்கு முக்கியம். ‘எ ஹீரோ’ கதையை எடுத்துக்கொள்ளுங்கள். தனியாகப் படு பார்ப்போம் என்று அப்பா சவால் விடுகிறார். இருட்டில் நடுங்கும் சுவாமி, பேய் என்று நினைத்து ஒரு காலைக் கடிக்கிறான். அது திருடனின் கால். ஊரே கொண்டாடுகிறது. மறுநாள் ராத்திரி பையன் மறுபடியும் பாட்டி பக்கத்தில். பயம் போகவில்லை, போகவும் வேண்டாம். குழந்தைகளுக்கு எடுக்கப்படும் பெரும்பாலான படங்கள் ‘பயப்படாதே’ என்று பாடம் நடத்தும். இது பயத்தைப் பயமாகவே விட்டுவைக்கிறது. மாஸ்டர் மஞ்சுநாத்தின் முகத்தை மொழி தெரியாத ஆயா படித்தது இதனால்தான்.

குறையும் உண்டு. மால்குடி பெரும்பாலும் அப்பாவுக்கு ஆபீஸ் அறை இருக்கும் வீடுகளின் உலகம். எங்கள் தெருவில் அப்பாக்களுக்கு வலையும் படகும்தான். எங்களுக்கு நெருக்கமானவன் ‘லீலாஸ் பிரண்ட்’ கதையின் வேலைக்காரன் சித்தா. காணாமல்போன செயின் புளிப் பானையில் கிடைக்கிறது. அவன் எடுக்கவில்லை என்று தெரிகிறது. அப்புறமும் அவனை வீட்டில் வைக்க முடியாது என்கிறார் அப்பா. அந்த அநியாயத்துக்குச் சாட்சி ஒரு ஐந்து வயதுக் குழந்தை. தன் உலகத்தின் குறையைக் கதையே காட்டிக்கொடுக்கும் இடம் இது.

1990 செப்டம்பரில் சாலை விபத்தில் சங்கர் நாக் இறந்தபோது வயது 35.

இன்றைய தமிழ்த் தொலைக்காட்சியில் குழந்தைகளுக்கு மேடை உண்டு. பெரியவர்கள் மாதிரி பாடலாம், பேசலாம், தோற்றால் குளோசப்பில் அழலாம். சினிமாவிலோ வடசென்னைப் பையன் என்றால் நாளைய ரவுடி. கையில் கத்தி வரும்வரை கதைக்கு அவன் தேவையில்லை. ‘புதுப்பேட்டை’, ‘வடசென்னை’ இரண்டும் எனக்குப் பிடித்த படங்கள்தான். ஆனால் அங்கே பயம் வன்முறைக்கான முதல் படி மட்டுமே.

2023 டிசம்பர் வெள்ளத்தோடு எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் படிந்தது. அப்பாவின் படகு கறுத்து நிற்பதைப் பார்த்து நின்ற பையன்கள் எங்கள் ஊரில் இருக்கிறார்கள். அவர்களுக்கும் கணக்குப் பரீட்சை உண்டு, இருட்டுப் பயம் உண்டு, ஊர் மாறிப்போன சிநேகிதன் உண்டு. அவர்களை எதுவாகவும் ஆக்காமல், முகத்தருகே கொஞ்ச நேரம் காத்திருக்க ஒரு கேமரா வேண்டும். அதைப் புரிந்துகொள்ள ஆயாவுக்கு இந்த முறை மொழியும் தடையாக இருக்காது.