லெலியா கோல்டோனியும் ‘நிழல்க’ளும்

ஜோன் கசவெட்டிஸின் ‘நிழல்கள்’ (1959) அமெரிக்கச் சுயாதீனத் திரைப்படத்தின் தோற்றுவாய்களுள் ஒன்றாகக் கொள்ளப்படுவது. அதனாற் கிடைத்த புகழ் முழுவதும் நெறியாளரையே சென்றடைந்தது. படத்தின் உயிர்நாடியாய் நின்ற லெலியா கோல்டோனியை நினைவுகூர்வோர் மிகச் சிலரே.

நியூயோர்க்கில் கசவெட்டிஸ் நடத்திய நடிப்புப் பயிற்சிக்கூடத்திற் கருக்கொண்ட படம் இது. வானொலியில் அவர் விடுத்த வேண்டுகோளை ஏற்று நேயர்கள் அனுப்பிய சிறுதொகைகளும் அதற்கு முதலாயின. 16 மில்லிமீற்றர்ச் சுருள், பெயர் பெறாத நடிகர், நகரத்து வீதிகள்: இவையே மூலதனம்.

கதை கறுப்பின உடன்பிறந்தோர் மூவரைப் பற்றியது. மூத்தவன் ஹியூ கரிய நிறத்தினன்; பென்னும் லெலியாவும் வெள்ளையரென எண்ணத்தக்க வெளிர்நிறத்தினர். லெலியாவுடன் உறவுகொண்ட வெள்ளை இளைஞன் டோனி, அவள் வீட்டில் ஹியூவைக் கண்டதும் திகைத்து, சாக்குச் சொல்லி நழுவ முற்படுகிறான். நிறவெறி பற்றிய சொற்பொழிவு எதுவும் இங்கில்லை. ஒரு முகம் மாறுவதையும், அம்மாற்றத்தை இன்னொரு முகம் கண்டுகொள்வதையுமே காண்கிறோம். அதற்கு முன், டோனியுடன் கழித்த முதலிரவின் பின்னர் அவளிடம் வெளிப்படும் ஏமாற்றமும் அந்நியமும் அக்கால ஹொலிவூட் காதற்படங்கள் தொடத் துணியாதவை. இவ்விரு காட்சிகளுக்காகவே கோல்டோனி பெரிய நடிகை என்பேன்.

ஆயினும் ஒரு கேள்வியை நாம் தவிர்த்தல் இயலாது. கோல்டோனி கறுப்பினத்தவரல்லர், சிசிலிய வழிவந்தவர். 1934இல் ‘வாழ்க்கையின் போலி’ படத்தில் இத்தகைய பாத்திரத்தைக் கறுப்பின நடிகை ஃபிரெடி வாஷிங்டன் ஏற்றார். 1949இல் ‘பிங்கி’யில் அது வெள்ளை நட்சத்திரமான ஜீன் கிரெயினிடம் சென்றது. ஹொலிவூட்டை மறுத்தெழுந்த ‘நிழல்கள்’ இவ்வழக்கத்தை மட்டும் மறுக்கவில்லை. வெளிர்நிறக் கறுப்பின நடிகையருக்குக் கிடைத்த மிகச் சில பாத்திரங்களுள் ஒன்று இங்கும் பறிபோயிற்று. பயிற்சிக்கூடத்தில் இருந்தவர்களைக் கொண்டே படம் உருவாயிற்று என்பது விளக்கமாகலாம், நியாயமாகாது.

மற்றொன்று, படத்தின் முடிவில் இது உடனுக்குடன் புனையப்பட்டதென்ற அறிவிப்பு வருகிறது. உண்மை அத்துணை எளிதன்று. 1958இற் காட்டப்பட்ட முதல் வடிவத்தில் நிறைவடையாத கசவெட்டிஸ், புதிய காட்சிகளை எழுதி மீண்டும் படம்பிடித்தார். முதல் வடிவத்தைப் போற்றிய ஜோனாஸ் மேகஸ் இரண்டாவதை நிராகரித்தார். எழுதிய காட்சியை எழுதாததுபோல் நடிப்பது கடும் உழைப்பு. பாத்திரத்திற்கும் நடிகையின் பெயரையே சூட்டிவிட்டால் அவ்வுழைப்பு வெறும் இயல்பாகத் தோன்றிவிடுகிறது. (‘இயல்பான நடிப்பு’ என்ற நமது விமர்சகர் பாராட்டும் பல வேளைகளில் இத்தகையதே.)

பின்னர் அவருக்கு வாய்த்தவை பெரும்பாலும் சிறு பாத்திரங்கள். 1974இல் ஸ்கோர்செசியின் ‘அலிஸ் இனி இங்கு வசிப்பதில்லை’ படத்தில், ஊரைவிட்டுப் புறப்படும் அலிஸுக்கு விடைகொடுக்கும் அயல்வீட்டுத் தோழியாக வந்தார். சில நிமிடங்களே வரும் அப்பாத்திரத்திற்காகப் பிரித்தானியத் திரைப்பட விருதுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது.