அழகும் நடிப்பும் – சில்வானா மங்கானோவின் கலைவாழ்வு

அழகால் புகழ்பெற்ற நடிகை ஒருவரின் கலைத்திறனை எடைபோடுவது திறனாய்வாளனுக்கு எளிய செயலன்று. புகழ்வோர் அழகையே நடிப்பெனக் கொள்வர். இகழ்வோர் அழகுள்ள இடத்தில் நடிப்பு இராதென முடிவு கட்டுவர். உள்ளத்து உணர்வு உடலின்வழிப் புலப்படுவதை மெய்ப்பாடு எனத் தொல்காப்பியம் வகுத்துரைக்கிறது. நடிப்பை அளக்க இதனினும் பொருத்தமான அளவுகோல் வேறில்லை. மெய்யின் அழகை மட்டும் காண்போர் மெய்ப்பாட்டைக் காணத் தவறுகின்றனர். இத்தாலிய நடிகை சில்வானா மங்கானோவின் (1930–1989) கலைவாழ்வு இவ்வுண்மைக்குத் தக்க சான்றாகும்.

அவர் உரோம் நகரில் பிறந்தவர். தந்தை சிசிலித் தீவினர், இரயில்வே ஊழியர். தாய் ஆங்கிலேயப் பெண்மணி. இளமையில் நடனம் பயின்ற சில்வானா, 1946இல் உரோம் நகர அழகியாகத் தேர்வு பெற்றார். 1949இல் ஜூசெப்பே தெ சாந்திஸ் இயக்கிய 'கசக்கும் அரிசி' அவரை உலகறியச் செய்தது. இத்தாலிய மூலத்தில் அத்தலைப்பு சிலேடை நயமுடையது. 'ரீசோ' என்னும் சொல் அரிசியையும் குறிக்கும், சிரிப்பையும் குறிக்கும்.

வட இத்தாலியின் வெர்செல்லி வட்டார வயல்களுக்கு ஆண்டுதோறும் நாற்று நடவும் களை பறிக்கவும் வந்துசேரும் பெண் தொழிலாளரின் வாழ்வே படத்தின் களம். நீரில் நின்று, முதுகு வளைத்து உழைத்து, கூலியில் ஒரு பகுதியை அரிசியாகவே பெறுவோர் அவர்கள். அவர்களுள் ஒருத்தி, நடிகையின் பெயரையே கொண்ட சில்வானா. படக்கதை இதழ்களிலும் அமெரிக்க நடனத்திலும் மனம் பறிகொடுத்தவள். திருட்டு நகையொன்றின் பளபளப்பில் மயங்கி, கயவன் ஒருவனை நம்பி, தன் தோழியர் பாடுபட்ட வயல்களில் வெள்ளத்தைத் திறந்துவிடுகிறாள். நகை போலியென அறிந்தபின் அவனைச் சுட்டுவிட்டு, உயரத்திலிருந்து குதித்து உயிர்விடுகிறாள். அவள் உடல்மீது தோழியர் ஒவ்வொருவராக வந்து, தாம் உழைத்துப் பெற்ற அரிசியில் சிறிது தூவிச் செல்கின்றனர். உள்ளத்தை உருக்கும் முடிவு அது.

கவர்ச்சியின் பொய்ம்மையைக் கண்டிப்பதே இயக்குநரின் நோக்கம். ஆயினும் அரைக்காற்சட்டையும் நீள்காலுறையும் அணிந்து வயல்நீரில் நிற்கும் அந்த இளம்பெண்ணின் உருவமே சுவரொட்டிகளில் இடம்பெற்று ஊர்தோறும் சென்றது. படம் எதனைக் கண்டித்ததோ அதனையே விளம்பரம் விற்றது. தொழிலாளர் துயரை உடற்கவர்ச்சி மறைத்துவிட்டதென இத்தாலிய இடதுசாரித் திறனாய்வாளர் சிலர் அக்காலத்திலேயே குறைகூறினர். அக்குறை முற்றிலும் பொய்யன்று. எனினும் அதன் சுமையைப் பத்தொன்பது வயதுகூட நிரம்பாத நடிகைமீது ஏற்றுதல் நடுவுநிலை ஆகாது. ஏமாற்றம் விளங்கிய கணத்தில் அவர் முகத்தில் சினத்தினும் வெறுமையே மிகுந்து நிற்கிறது. சுவரொட்டியில் இல்லாத மெய்ப்பாடு அது.

அப்படத்தின் தயாரிப்பாளரான டினோ டி லாரன்டிசை 1949இலேயே அவர் மணந்தார். பின்வந்த படங்கள் பல அவருக்கு அமைத்துக் கொடுத்தது பழைய அச்சையே. 'யுலிசிஸ்' (1954) படத்தில் கற்பின் உருவான பெனலோப்பியும், மயக்கும் மாயக்காரி சர்சியும் அவரே. பெண் என்றால் ஒன்று இல்லத்தரசி, அன்றேல் மோகினி என்னும் திரையுலகின் குறுகிய கணக்கை இவ்விரட்டை வேடம் தெளிவாகக் காட்டுகிறது.

அதே ஆண்டில் வித்தோரியோ டி சிக்கா இயக்கிய 'நேப்பிள்சின் பொன்' வேறொரு நடிகையை நமக்குக் காட்டியது. விலைமகள் தெரசாவைச் செல்வன் ஒருவன் மணக்கிறான். தன்மீது காதல் கொண்டு உயிர்நீத்த பெண்ணொருத்திக்காகத் தன்னைத் தானே தண்டித்துக்கொள்ளவே இம்மணம் என்பதை அவள் மணநாளிரவில் அறிகிறாள். வீட்டைவிட்டு வெளியேறி, ஆளற்ற தெருவில் நிற்கிறாள். தன்மானம் போகச் சொல்கிறது. பழைய வாழ்வின் அச்சம் தடுக்கிறது. இறுதியில் திரும்பிவந்து கதவைத் தட்டுகிறாள். இளிவரலும் அச்சமும் பெருமிதமும் ஒரே முகத்தில் போரிடும் இக்காட்சியில் அழகுக்கு வேலையே இல்லை. இவ்வேடத்திற்காக இத்தாலியத் திரைப்பட இதழாளர் வழங்கும் வெள்ளி நாடா விருது அவருக்குக் கிட்டியது.

தயாரிப்பாளரின் மனைவி என்பதால் வாய்ப்புகள் வந்தன என்பாருமுளர். அதில் உண்மையுண்டு. ஆனால், பியர் பாவ்லோ பசோலினியின் 'ஈடிப்பஸ் மன்னன்' (1967), 'தியோரெமா' (1968), லூக்கினோ விஸ்கோந்தியின் 'வெனிசில் மரணம்' (1971) ஆகிய மூன்றும் கணவரின் தயாரிப்புகள் அல்ல. முதற்படத்தில் அவர் அவலத்தின் நிழல் படிந்த அரசி யொகாஸ்தா. இரண்டாவதில், விருந்தினன் ஒருவனின் வருகையால் நிலைகுலையும் மிலான் நகரச் செல்வக் குடும்பத்தின் தலைவி. தாமஸ் மான் எழுதிய குறுநாவலைத் தழுவிய மூன்றாவதில் அவர் போலந்து நாட்டுச் சிறுவனின் தாய். அவர் பேசுவது மிகக் குறைவு. நடையும் தலை திருப்பும் பாங்குமே ஒரு குலத்தின் செருக்கையும், மறையவிருக்கும் ஓர் உலகின் அமைதியையும் உணர்த்திவிடுகின்றன. 1949இல் துள்ளி ஆடிய அதே நடனப் பயிற்சி, இங்கே அசையாமல் நிற்கும் ஆற்றலாகக் கனிந்துள்ளது.

1987இல் வெளிவந்த 'கருவிழிகள்' அவருடைய இறுதிப்படம். ஈராண்டுகளுக்குப்பின் மாட்ரிட் நகரில் காலமானார். அவரைப் பற்றிய குறிப்புகள் இன்றும் பெரும்பாலும் அந்த வயற்காட்சியிலிருந்தே தொடங்குகின்றன. தொடங்குவதில் தவறில்லை, அங்கேயே நின்றுவிடுவதுதான் தவறு. திறனாய்வு பயிலும் மாணவர் 'கசக்கும் அரிசி'யையும் 'நேப்பிள்சின் பொன்'னையும் அடுத்தடுத்துக் கண்டு, முன்னதில் ஒளிப்பதிவுக் கருவி செய்தது எவ்வளவு, பின்னதில் நடிகை செய்தது எவ்வளவு எனப் பிரித்தறிய முயல்வாராக. நடிகையர் எவரைப் பற்றி எழுதப் புகும்போதும் அப்பயிற்சி கைகொடுக்கும்.