கஞ்சி தானாகக் காய்ச்சப்படுவதில்லை

சல்மாவின் 'இரண்டாம் ஜாமங்களின் கதை' 2004இல் காலச்சுவடு வெளியீடாக வந்தபோது, எங்கள் வட்டத்தில் எழுந்த பேச்சு பெரும்பாலும் ஒன்றுதான்: வீட்டுக்குள் இருப்பதை ஏன் வெளியே கொண்டுவர வேண்டும்? நாவலை வாசிக்காமலே இப்படிக் கேட்டவர்களும் இருந்தார்கள். அண்மையில் அதை மறுபடி வாசித்தேன். இம்முறை எனக்குள் எழுந்த கேள்வி வேறு. யாழ்ப்பாணத்துச் சோனகத் தெருவில் வீட்டுக்குள் இருந்ததை நாம் எழுதியிருக்கிறோமா?

தமிழகத்துச் சிற்றூர் ஒன்றின் முஸ்லிம் குடும்பங்கள்தாம் நாவலின் களம். சமையல், நோன்பு, கல்யாணப் பேச்சு, மையித்து, வேலை ஓய்ந்த நேரத்தில் பெண்கள் கூடிப் பேசும் ஊர்க்கதை. இவற்றுக்கிடையே சிறுமி ராபியா வளர்கிறாள். வஹிதாவைக் கட்டிக்கொடுக்கிறார்கள். கணவனோடு வாழாமல் திரும்பி வந்த பிர்தவ்ஸுக்குத் தீர்ப்பு வழங்குபவள் அவளைப் பெற்றவளே. இந்தக் கொடுமை எங்கிருந்தோ வந்து விழவில்லை. சோறு ஆக்குவதும் பாத்திரம் கழுவுவதும் நடக்கிற அதே அன்றாடத்திலிருந்து வருகிறது. சல்மாவின் பலம் இதுதான் என்பது என் அபிப்பிராயம். குறைகளும் உண்டு. பாத்திரங்களின் கூட்டத்தில் யார் யாருக்கு என்ன முறை என்று தாளில் குறித்துக்கொண்டுதான் நான் வாசித்தேன். பேச்சுகள் சில இடங்களில் திரும்பத் திரும்ப வந்து சலிப்பூட்டுகின்றன.

நம் பக்கம் வருவோம். 1990 ஒக்டோபர் 30 அன்று விடுதலைப் புலிகள் எங்களை ஜின்னா மைதானத்துக்கு அழைத்து, இரண்டு மணித்தியாலத்தில் வெளியேறச் சொன்னார்கள். அந்த ஒக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட முஸ்லிம்கள் 70,000க்கும் மேல். இதைப் பற்றி நம்மவர்கள் எழுதிய கவிதைகளிலும் கதைகளிலும் நான் வாசித்தவை பெரும்பாலும் அந்த இரண்டு மணித்தியாலத்தையே திரும்பத் திரும்பச் சொல்கின்றன. சாட்சியம் அவசியமாக இருந்தது. குற்றம் சொல்ல மாட்டேன். ஆனால் அவற்றில் வீடு என்பது பூட்டிய கதவும் கையில் மிஞ்சிய திறப்பும்தான். அதற்கு முந்திய காலைகள் இல்லை.

என் எழுத்தும் இதற்கு விலக்கல்ல. நினைவுக் கட்டுரை ஒன்று எழுதினேன். கிணற்றடி, முருங்கை மரம், வாப்பாவின் சைக்கிள் மணி, நோன்புக் கஞ்சியின் வாசம் எல்லாம் அதில் இருந்தன. புத்தளத்தில் இருக்கும் றாத்தாவிடம் வாசிக்கக் கொடுத்தேன்.

"நல்லாத்தான் எழுதியிருக்கிறாய் தம்பி. கஞ்சி மட்டும் தானாக் காய்ஞ்சிருக்கு" என்றார்.

பிறகு அவர் சொன்னவை எதுவும் என் கட்டுரையில் இல்லை. சஹருக்கு முதலில் எழும்பி அடுப்பு மூட்டியது யார், கடைசியாகச் சாப்பிட்டது யார் என்றார். பெரியபிள்ளையான பிறகு அவருடைய படிப்பு நின்றதையும், உம்மாவும் சாச்சியும் ஒரே கிணற்றில் தண்ணீர் அள்ளிக்கொண்டு மாதக்கணக்கில் பேசாமல் இருந்ததையும் சொன்னார். அந்த வீடு உம்மாவின் சீதனம். றாத்தாவின் கல்யாணத்தோடு அவர் பெயருக்கு எழுதப்பட இருந்தது. வீடு போனதோடு பேசிவைத்த சம்பந்தமும் போயிற்று. நானோ கட்டுரை முழுக்க 'என் வீடு' என்றே எழுதியிருந்தேன்!

இழந்த வீட்டின் சண்டைகளை எழுதினால் இழப்பின் நியாயம் குறைந்துவிடும் என்ற பயம் நமக்கு இருக்கிறது. எப்படிக் குறையும்? உம்மாவும் சாச்சியும் பேசாமல் இருந்த வீட்டைப் பறிக்கவும் எவருக்கும் உரிமை இருக்கவில்லை. 2009இல் யுத்தம் முடிந்தபின் சிலர் ஊர் திரும்பினார்கள். கூரையில்லாத சுவர்களைப் படம் பிடித்தோம், எழுதினோம். அந்தக் குசினிகளை நடத்திய பெண்களிடம் நம்மில் எத்தனை பேர் கேட்டோம்? அவர்களில் பலர் மௌத்தாகிவிட்டார்கள்.

கட்டுரையை நான் இன்னும் திருத்தவில்லை. சல்மாவின் நாவலை றாத்தாவிடம் கொடுத்திருக்கிறேன். அஸருக்குப் பிறகு கொஞ்சம் கொஞ்சமாக வாசித்துப் பாதி தாண்டிவிட்டார். பிர்தவ்ஸின் தாயைப் பற்றிச் சொல்ல அவருக்கு நிறைய இருக்கிறதாம். முடித்துவிட்டுச் சொல்கிறேன் என்கிறார்.