பிறவி எண்

2016 ஆகஸ்ட்டில் போக்கிமான் கோ மலேசியாவுக்கு வந்தது. ஜார்ஜ் டவுன் மணிக்கூண்டிலிருந்து கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல் வரை போனைப் பார்த்தபடியே நடந்தவர்களில் நானும் ஒருத்தன்.

உழைப்பைப் போற்றும் விளையாட்டு போலத்தான் தெரியும். மேஜிகார்ப் என்கிற ஒன்றுக்கும் உதவாத மீனைத் துணையாக வைத்து நடந்தால் கிலோமீட்டருக்கு ஒரு மிட்டாய். 400 சேர்ந்தால் அது கியாரடோஸ். ஆனால் பிடிபடும்போதே தாக்குதல், தற்காப்பு, எச்.பி. மூன்றுக்கும் 0 முதல் 15 வரை எண் விழுந்துவிடுகிறது. வலுவேற்ற எவ்வளவு ஸ்டார்டஸ்ட் கொட்டினாலும் அது நகராது. "அட்டாக் சைபர்டா, புரொபசருக்கு அனுப்பிடு லா" என்பான் நண்பன். அனுப்பினால் ஒரு மிட்டாய். அதே இனத்தில் நல்ல எண்ணோடு பிறந்ததற்குத் தீனி. பிறப்பை வைத்து ஆளை எடைபோடும் பேச்சைக் கேட்டு வளர்ந்தவனுக்கு இது உறுத்தாமல் இருக்குமா?

சி.பி. 1500ஐத் தாண்டக்கூடாத கிரேட் லீக்கில் கதை மாறுகிறது. சி.பி. கணக்கில் தாக்குதலுக்கே எடை அதிகம். அதனால் தாக்குதல் 0, மற்றவை 15 என்று பிறந்தது, அதே வரம்புக்குள் கூடுதல் லெவல் ஏறி, பெரும்பாலும் அதிக நேரம் தாக்குப்பிடிக்கும். நட்சத்திர மதிப்பீடு இதைச் சொல்வதில்லை. அதை நம்பி நான் அனுப்பியவற்றைத் திரும்பக் கூப்பிடவும் வழியில்லை.