லயம் உண்டு, ஆவர்த்தனம் இல்லை

1969 மே மாதம், லண்டன் அபே ரோடு ஒலிப்பதிவுக் கூடத்தில் மூன்று தேர்ந்த வாசிப்பாளர்கள் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். சாஃப்ட் மெஷின் குழுவைச் சேர்ந்தவர்கள்: டிரம்ஸுக்கு ராபர்ட் வயட், பேஸ் கிதாருக்கு ஹ்யூ ஹாப்பர், கீபோர்டுக்கு மைக் ரேட்லெட்ஜ். கோணல்மாணலான தாளக் கணக்குகளையெல்லாம் ஊதித் தள்ளுகிற கைகள். அவர்கள் காதில் ஒலித்தது ஏற்கெனவே பதிவாகிவிட்ட ஒரு குரலும் ஒரு கிதாரும். அதன்மேல் இவர்கள் வாசிக்க வேண்டும். பாட்டு எந்தச் சுருதியில் இருக்கிறது என்று கேட்டால், பாடியவர் "ஆமாம்" என்று பதில் சொல்வாராம். வயட் பிற்காலத்தில் சொன்ன கதை இது.

பாடியவர் சிட் பேரட். பிங்க் ஃப்ளாய்டுக்குப் பெயர் வைத்தவர். அதன் முதல் பாடகர், முதல் கிதார்க்காரர், முதல் பாடலாசிரியர். 1967இல் வெளிவந்த அவர்களுடைய முதல் ஆல்பமான 'த பைப்பர் அட் த கேட்ஸ் ஆஃப் டான்' பெரும்பாலும் அவருடைய படைப்பு. அடுத்த ஜனவரியில் சவுதாம்ப்டன் நிகழ்ச்சிக்குப் போகிற வழியில், அவரை வண்டியில் ஏற்றிக்கொள்ள வேண்டாம் என்று நண்பர்கள் முடிவெடுத்தார்கள். எல்.எஸ்.டி., குலைந்துகொண்டிருந்த மனம், மேடையில் ஒரே சுரத்தை மீட்டிக்கொண்டு நிற்பது எனக் காரணங்கள் ஊரறிந்தவை. அதற்குப் பிறகு 1968 மே முதல் 1970 ஜூலை வரை, இடைவெளி விட்டு விட்டு நடந்த ஒலிப்பதிவுகளில் இரண்டு ஆல்பங்கள் உருவாயின: 'த மேட்கேப் லாஃப்ஸ்', 'பேரட்'. மொத்தம் 25 பாட்டு. தனிப் பாடகராக அவர் அப்போது வெளியிட்ட இசை அவ்வளவுதான். இரண்டாவது ஆல்பம் வெளியானபோது அவருக்கு வயது 24.

இந்த 25 பாட்டுகளைப் பற்றி எழுதப்பட்டவற்றில் பெரும்பகுதி பாட்டுகளைப் பற்றியதே அல்ல. பித்துப் பிடித்த மேதை, எரிந்து விழுந்த நட்சத்திரம் என்று கதை முதலில் வந்துவிடுகிறது; காது அப்புறம்தான் திறக்கிறது. கதையோடு கேட்டால் ஒவ்வொரு தடுமாற்றமும் தரிசனமாகிவிடும். கதையை வெறுப்பவர்கள் கேட்டால் ஒவ்வொரு தடுமாற்றமும் நோய்க்குறி. இரு தரப்பாரும் கேட்பது ஒரு மருத்துவக் குறிப்பேட்டைத்தான். நோய்க்குப் பெயர் வைப்பது என் வேலையல்ல. ஆனால் அவருடைய இசையில் எது கோணல், எது வேண்டுமென்றே வைத்த வளைவு என்பதைக் காதால் பிரித்துவிட முடியும் என்று நினைக்கிறேன்.

'பைப்பர்' ஆல்பத்தின் கடைசிப் பாட்டான 'பைக்'கை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் அடிக்கு அடி தாள அளவு மாறுகிறது. வாக்கியம் நீண்டால் இசையும் நீள்கிறது, வாக்கியம் முடிந்தால் இசையும் சட்டென்று முடிகிறது. எட்டு மாத்திரையை நிரப்பியாக வேண்டும் என்ற கட்டாயம் அவரிடம் இல்லை. இதைச் செய்தபோது அவர் சிதைந்திருக்கவில்லை. குழுவினர் ஒன்றாக உட்கார்ந்து பழகி, அந்த வளைவுகளை மனப்பாடமாக்கி வாசித்தார்கள். கேட்பவருக்கு அது விளையாட்டாக ஒலித்தது. தனி ஆல்பங்களில் விமர்சகர்கள் சித்தப்பிரமையின் அடையாளம் என்று காட்டும் ஒழுங்கின்மை பெரும்பாலும் இதே பழக்கம்தான். அவர் பாட்டில் லயம் உண்டு. கிதாரை மீட்டும் கை நிற்காமல் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஆவர்த்தனம்தான் இல்லை. சுற்று எங்கே முடியும் என்பதைச் சொல் தீர்மானிக்கிறது.

சொல்லும் வெறும் போதையில் கொட்டியதல்ல. இவர் ஓவியக் கல்லூரி மாணவர், புத்தகம் படித்தவர். ஹிலேர் பெல்லக் குழந்தைகளுக்கு எழுதிய எச்சரிக்கைக் கதைப் பாடல்களில் ஊறியவர்; 'மெட்டில்டா மதர்' முதலில் பெல்லக்கின் வரிகளையே வைத்துப் பாடப்பட்டு, அனுமதி கிடைக்காததால் புதிதாக எழுதப்பட்டது. இரண்டாம் ஆல்பத்தை முடித்துவைக்கும் 'எஃபர்வெஸ்ஸிங் எலிஃபென்ட்' பதின்வயதிலேயே எழுதி வைத்திருந்தது. 'கோல்டன் ஹேர்' ஜேம்ஸ் ஜாய்ஸின் 'சேம்பர் மியூசிக்' தொகுப்பிலுள்ள கவிதை. அதற்கு அவர் போட்ட மெட்டு, குறுகிய சுர வட்டத்துக்குள்ளேயே சுற்றிச் சுற்றி வருகிறது; ஜபம் போல. ஒரு கவிதையை இசை அமுக்கிவிடாமல் எப்படித் தாங்கிப் பிடிக்க வேண்டும் என்பதற்கு இரண்டு நிமிடப் பாடம்.

அப்படியானால் எங்கே சறுக்குகிறது? சாஃப்ட் மெஷின் வாசித்த 'நோ குட் டிரையிங்'கில் அது நன்றாகக் கேட்கிறது. பேரட்டின் கிதார் எதிர்பாராத இடத்தில் மாறுகிறது. டிரம்ஸ் அதைத் துரத்திப் பிடிக்கிறது. பேஸ் கால் நொடி தாமதமாக ஒப்புக்கொள்கிறது. நம் கச்சேரிகளில் விருத்தம் பாடும்போது மிருதங்கக்காரர் கையை மடியில் வைத்துக்கொள்வார். வயலின் மட்டும் ஒரு மூச்சு பின்தங்கி வரும், அதுவும் அந்தத் தாமதத்தையே அழகாக்கிக்கொண்டு. ஆவர்த்தனம் இல்லாத பாட்டுக்கு ஆவர்த்தனக் கருவியைக் கொண்டுவந்து நிறுத்தினால், பாடுகிறவர் தப்பு செய்வதாக ஒலிக்கும். தவறு பாட்டில் இல்லை, வேலை நடந்த வரிசையில் இருக்கிறது. முதலில் குழு பழகி, பிறகு பதிவு என்பது 'பைப்பர்' முறை. முதலில் பதிவு, பிறகு அதன்மேல் குழு என்பது 'மேட்கேப்' முறை. ஒத்திகைக்கு உட்காரக்கூடிய நிலையில் பாடகர் இல்லை என்பதால் வந்த ஏற்பாடு. 'லவ் யூ'வில் மட்டும் அது தற்செயலாகப் பலித்துவிடுகிறது. பாட்டே நாக்கு குழறும் வேகத்தில் ஓடுவதால், பின்னால் ஓடிவரும் பியானோவும் வேடிக்கையில் சேர்ந்துகொள்கிறது.

தனியாக விடப்பட்ட இடங்களில் மனிதர் நிமிர்ந்து நிற்கிறார். 'மேட்கேப்'பின் முதல் பாட்டு 'டெர்ரபின்', அவசரமே இல்லாத ப்ளூஸ். ஐந்து நிமிடம் போவதே தெரியாது. தயாரிப்பாளர் மால்கம் ஜோன்ஸ் ஒரே டேக்கில் பதிவுசெய்தது. 'டார்க் குளோப்' அதற்கு நேர்மாறு: இரண்டே நிமிடம், குரல் தனக்கு எட்டாத உயரத்துக்கு ஏறி விளிம்பில் கிழிகிறது. இதைக் கதைக்காரர்கள் மனம் உடைந்ததன் நேரடி ஒலிப்பதிவாகக் கேட்பார்கள். ஆனால் 1988இல் வெளியான வேறொரு பதிவில் இதே பாட்டை அவர் தணிந்த குரலில், நிதானமாகப் பாடுகிறார். ஆக, அந்தக் கிழிசல் இயலாமை மட்டும் அல்ல. இரண்டு விதமாகவும் பாடத் தெரிந்தவர் ஒரு விதமாகப் பாடியது.

ஒரு பெரிய இழப்பை மட்டும் எந்த அனுதாபத்தாலும் மூட முடியாது. 'இன்டர்ஸ்டெல்லர் ஓவர்டிரைவ்' என்ற கிட்டத்தட்ட பத்து நிமிட வாத்திய இசையில், எதிரொலிக் கருவியை வைத்துக்கொண்டு, நரம்பின்மேல் லைட்டரை இழுத்து, கிதாரைக் கிதார்போலவே ஒலிக்கவிடாமல் செய்தாரே, அந்த ஆள் தனி ஆல்பங்களில் அநேகமாக வரவில்லை. 'லேட் நைட்'டில் அந்தச் சறுக்கும் நாதம் கொஞ்சம் தலைகாட்டுகிறது. மற்றபடி பெரும்பாலும் விறுவிறுவென்று மீட்டும் கிதார்தான். சைக்கடெலிக் ராக்கின் ஒலியைக் கண்டுபிடித்தவர்களில் ஒருவர் அதிலிருந்து பாட்டை மட்டும் எடுத்துக்கொண்டு வெளியேறியிருக்கிறார். ஒலியை ஃப்ளாய்டிடமே விட்டுவிட்டார். அவர்கள் அதை வைத்துப் பிறகு மாளிகைகள் கட்டினார்கள்.

முதல் தனி ஆல்பம் பல கை மாறியது. 1968இல் மேலாளர் பீட்டர் ஜென்னர் தொடங்கி வைத்தார். 1969 ஏப்ரலில் ஹார்வெஸ்ட் நிறுவனத்தின் ஜோன்ஸ் ஏற்றுக்கொண்டார். ஜூன், ஜூலையில் ஃப்ளாய்டின் டேவிட் கில்மோரும் ரோஜர் வாட்டர்ஸும் வந்து முடித்தார்கள். குழுவின் 'உம்மாகும்மா' ஆல்ப வேலை தலைக்குமேல் கிடந்த நேரத்தில், கிடைத்த சில நாட்களில் அவசரமாக. 'டார்க் குளோப்', 'கோல்டன் ஹேர்' இரண்டும் அந்த நாட்களில் கிடைத்த முத்துகள் என்பதை மறக்கக் கூடாது. ஆனால் அதே நாட்களில் பதிவான வேறு மூன்று பாட்டுகளை, பாதியில் நின்றது, தாளைப் புரட்டும் ஓசை, சுருதி பிசகி மறுபடி தொடங்கியது எல்லாவற்றோடும் அப்படியே இசைத்தட்டில் ஏற்றினார்கள். 'இஃப் இட்ஸ் இன் யூ'வில் முதல் வாய் எடுத்ததுமே குரல் வழுக்கி, பாடுவதை நிறுத்திவிட்டு அவர் பேசுவது வரை நமக்குக் கேட்கிறது.

ஜோன்ஸுக்கு இது பிடிக்கவில்லை. இந்த ஆல்பம் உருவான விதம் பற்றித் தாம் எழுதிய சிறு நூலில் அதைப் பதிவும் செய்திருக்கிறார். உள்ளது உள்ளபடி கேட்கட்டும் என்ற நேர்மைதான் நோக்கம் என்பது மறுதரப்பு. சிட் எப்படி இருந்தார் என்று காட்ட நினைத்தோமா, அவரைத் தண்டிக்க நினைத்தோமா என்று கில்மோரே பின்னாளில் தம்மைத் தாமே கேட்டுக்கொண்டார். பிற்காலத்தில் வீட்டு அறையில் டேப் ரெக்கார்டரை வைத்துக்கொண்டு பாட வந்தவர்களுக்கு இந்த அரைகுறைப் பதிவுகள் தெம்பு கொடுத்தன என்பதும் உண்மை. எனக்கு ஜோன்ஸ் பக்கம்தான் நியாயம் தெரிகிறது. எந்தப் பாடகர்தான் டேக் வாங்கவில்லை? எல்லாருடைய தடுமாற்றமும் டேப்பில் இருக்கும். அதை வெட்டிப் போடுவது தயாரிப்பாளரின் அன்றாடக் கடமை. ஒருவருக்கு மட்டும் அந்தக் கடமையைச் செய்யாமல் விட்டால், அது நேர்மை என்ற பெயரில் நடக்கும் பாரபட்சம்.

அட்டைப்படமும் கதைக்கே துணைபோயிற்று. எர்ல்ஸ் கோர்ட் அடுக்ககத்தில் தன் அறையின் மரத்தரைக்கு ஆரஞ்சும் ஊதாவுமாகப் பட்டைபட்டையாக வண்ணம் அடித்துவிட்டு, நடுவே குந்தியிருக்கிறார் பேரட். எடுத்தவர் மிக் ராக். ஓவியம் படித்தவன் தரையைக் கித்தானாக்கியிருக்கிறான் என்று பார்க்கலாம். 'கிறுக்கன் சிரிக்கிறான்' என்று பொருள்படும் தலைப்பை மேலே எழுதிவிட்டால் யார் அப்படிப் பார்ப்பார்கள்? ஆல்பம் 1970 ஜனவரியில் வெளிவந்து, பிரிட்டன் பட்டியலில் 40ஆம் இடத்தைத் தொட்டது.

அதே ஆண்டு நவம்பரில் வந்த 'பேரட்'டைக் கில்மோரும் ஃப்ளாய்டின் ரிச்சர்ட் ரைட்டும் தயாரித்தார்கள். முந்தைய குற்ற உணர்வோ என்னவோ, இதில் எல்லாம் துடைத்து வைத்திருக்கிறது. ரைட்டின் ஆர்கன் இடைவெளிகளை அடைக்கிறது. ஜெர்ரி ஷெர்லியின் டிரம்ஸ் அடியெண்ணிக் காத்திருக்கிறது. 'ஜிகலோ ஆன்ட்' குழுவோடு சேர்ந்து உற்சாகமாக உருள்கிறது. 'பேபி லெமனேட்' தொடக்கத்தில் வரும் கிதார், பேரட் கை பதப்படுத்திக்கொண்டிருந்ததைக் கில்மோர் பதிவுசெய்து பாட்டின் தலையில் ஒட்டியது. நல்ல தயாரிப்பாளரின் காது இது. ஆனால் பல பாட்டுகளில் ஏற்பாடு ஆளைவிடப் பெரிதாகிவிடுகிறது. முதல் ஆல்பத்தில் அம்பலப்படுத்தினார்கள், இரண்டாவதில் போர்த்திவிட்டார்கள். இரண்டுக்கும் நடுவில் ஓர் இடம் உண்டு என்பதற்குச் சாட்சி 'டாமினோஸ்'. கிதார்த் தனிவாசிப்பு சரியாக அமையவில்லை. டேப்பைத் திருப்பிப் போட்டு, தலைகீழாக ஓடும் பாட்டுக்கு வாசிக்கச் சொன்னார்கள். முதல் முறையிலேயே கச்சிதமாக அமைந்தது. முன்னோக்கி ஓடிய பாட்டில் இடம் தேடித் திணறிய கைக்கு, பின்னோக்கி ஓடியபோது எல்லா இடமும் தெரிந்திருந்தது.

மேடைக் கணக்கு மிகச் சிறியது. 1970 ஜூனில் ஒலிம்பியா அரங்கில் நாலு பாட்டு பாடிவிட்டு இறங்கிப் போனார். 1972இல் கேம்பிரிட்ஜில் 'ஸ்டார்ஸ்' என்றொரு குழு. ஒரு மோசமான நிகழ்ச்சியும் அதைவிட மோசமான பத்திரிகை விமர்சனமும் அதை முடித்துவைத்தன. 1974இல் ஜென்னர் மறுபடி அபே ரோட்டுக்கு அழைத்துவந்தார், பாட்டு ஒன்றும் தேறவில்லை. 1975 ஜூனில் ஃப்ளாய்ட் அவரைப் பற்றிய பாட்டையே மெருகேற்றிக்கொண்டிருந்தபோது, புருவம்கூட மழித்த பருத்த உருவமாக வந்து நின்றார். பழைய நண்பர்களுக்கு அடையாளம் தெரியவில்லை. பிறகு கேம்பிரிட்ஜ், தாய் வீடு, தோட்டம், ஓவியம், ரோஜர் என்ற இயற்பெயர். 2006 ஜூலையில், 60 வயதில் இறந்தார். அதற்கு முந்தைய மாதம்தான் லண்டனில் டாம் ஸ்டாப்பர்டின் 'ராக் அண்ட் ரோல்' நாடகம், ஒரு தோட்டத்துச் சுவரின்மேல் 'கோல்டன் ஹேர்' பாடும் உருவத்தோடு திரைவிலகியிருந்தது.

ஜோன்ஸின் இன்னொரு மனக்குறையையும் சொல்ல வேண்டும். 1969 ஏப்ரலில் அவர் பதிவுசெய்த 'ஓபெல்' என்ற பாட்டு, ஆல்பத்தில் இடம்பெறாமல் 1988 வரை கிடங்கிலேயே கிடந்தது. ஒரு கிதார், ஒரு குரல். யாரும் துரத்தி வரவில்லை. கரையில் கிடப்பவை ஒவ்வொன்றாகக் கண்ணில் படுவதுபோல் சொற்கள் வருகின்றன. நடுவில் கிதார் மட்டும் நெடுநேரம் ஒரே சுழலில் நிற்கிறது. அவசரக்காரத் தயாரிப்பாளர் அதை வெட்டியிருப்பார். பிறகு குரல் திரும்பி வரும்போது அதற்குள் வேறொரு மனிதர் இருக்கிறார். பேரட் தனியாகப் பாடியதில் இதற்கு மேல் ஒன்றை நான் கேட்டதில்லை.

'ஓபெல்' ஏறக்குறைய ஆறரை நிமிடம். முதல் ஆல்பத்தில் அடுத்தடுத்து வரும் அந்த மூன்று தடுமாற்றப் பாட்டுகளையும் கூட்டிப் பார்த்தேன். அவையும் ஆறரை நிமிடத்தைச் சற்றே தாண்டுகின்றன. இப்போது என் கணினியில் 'மேட்கேப்' வேறு வரிசையில் இருக்கிறது: 'லாங் கான்' முடிந்ததும் 'ஓபெல்', அதன் பிறகு 'லேட் நைட்'.