பாய்மவியல் கலைச்சொற்களும் சார்பியல் விரிவாக்கமும்: விழுப்புரம், திண்டிவனம் தமிழ்வழிக் கல்விச் சூழலை முன்வைத்து ஒரு திறனாய்வு

ஆய்வுச் சுருக்கம்

பாய்மவியலைத் தமிழில் கற்கும் மாணவர் அதன் சார்பியல் விரிவாக்கத்தை எட்டும்போது, முன்னர்க் கற்ற கலைச்சொற்கள் துணைநிற்கின்றனவா, தடையாகின்றனவா என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது. பாய்மம், சுழற்சி, பாகுநிலை ஆகிய மூன்று சொற்கள் சான்றாகக் கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: பாய்மவியல், சார்பியல், கலைச்சொல்லாக்கம், தமிழ்வழிக் கல்வி

முன்னுரை

அண்ணா பல்கலைக்கழகம் 2010ஆம் ஆண்டில் குடிசார் பொறியியல், இயந்திரப் பொறியியல் ஆகிய இரு பாடப்பிரிவுகளைத் தமிழ்வழியில் தொடங்கியது. விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் அதன் உறுப்புக் கல்லூரிகள் இயங்குகின்றன. 2023 மே மாதத்தில் உறுப்புக் கல்லூரிகள் பலவற்றில் தமிழ்வழிப் பிரிவுகளை நிறுத்தும் அறிவிப்பு வெளிவந்து, எதிர்ப்பு எழுந்ததும் திரும்பப் பெறப்பட்டது. தமிழ்வழிக் கல்வி பற்றிய இத்தகைய விவாதங்கள் பெரும்பாலும் சேர்க்கை, வேலைவாய்ப்பு ஆகிய இரண்டையே சுற்றி அமைகின்றன. தமிழில் பெற்ற கருத்துகள் மாணவரை எந்த எல்லைவரை அழைத்துச் செல்லும் என்னும் வினா போதிய கவனம் பெறுவதில்லை.

மேற்குறித்த இரு பாடப்பிரிவுகளுக்கும் பொதுவானது பாய்மவியல். தென்பெண்ணையும் சங்கராபரணியும் பாயும் இம்மாவட்டத்தில் அதன் பயன் கண்கூடானது. 2021ஆம் ஆண்டு வெள்ளத்தில் எல்லீஸ்சத்திரம் அணைக்கட்டு சேதமுற்றதை இங்கு நினைவுகூரலாம். அதே பாய்மவியல் விண்மீன்களின் நிலைப்பையும் அண்டத்தின் விரிவையும் விளக்கும் அறிவாகவும் வளர்ந்துள்ளது. சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்ற சுப்பிரமணியன் சந்திரசேகர் 1961இல் பாய்ம நிலைப்புத்தன்மை பற்றிய பெருநூலை வெளியிட்டார். 1965இல் நியூட்டன் பாய்மச் சமன்பாடுகளுக்குச் சார்பியல் திருத்தங்களை வகுத்தார். 1970இல் சுழலும் பாய்மப் பொருளின் நிலைப்பை ஈர்ப்பலைக் கதிர்வீச்சே குலைக்கக்கூடும் எனக் காட்டினார். ஆற்றுநீரிலிருந்து விண்மீன் வரை நீளும் இப்பாதையைத் தமிழ்க் கலைச்சொற்கள் தாங்குமா என்பதே இங்கு ஆய்வுப்பொருள்.

‘பாய்மம்’: ஒரு வெற்றி

நீர்மத்தையும் வளிமத்தையும் ஒருங்கே குறிக்கும் ‘பாய்மம்’ என்னும் சொல் தமிழ்க் கலைச்சொல்லாக்கத்தின் நற்பேறு. காந்தவியலில் வழங்கும் ‘பாயம்’ என்பதும் ‘பாய்வு’ என்பதும் இதே ‘பாய்’ என்னும் வேரினின்று கிளைத்தவை. சார்பியலில் இவ்வுறவு பெரிதும் பயன்படும். அங்கு அழுத்தம் என்பது ஓரலகுப் பரப்பின்மீது செயற்படும் விசை மட்டுமன்று. உந்தத்தின் பாயமும் ஆகும். ஆற்றல் அடர்த்தி, ஆற்றல் பாயம், உந்தப் பாயம் ஆகியவை ஒரே கணியத்தின் கூறுகளாக இணைகின்றன. அழுத்தத்தை விசையாக மட்டுமே கற்ற மாணவருக்கு, அழுத்தம் நிலைமத்தைக் கூட்டுவதும் ஈர்ப்பை விளைவிப்பதும் புதிராகத் தோன்றும். உந்தப் பாயமாகவும் அதனை அறிந்தவருக்குப் புதிர் தளரும். ஆகவே இங்குக் குறை சொல்லில் இல்லை. சொல்லின் குடும்ப உறவைக் கற்பித்தலில் பயன்படுத்தாமையில் உள்ளது.

‘சுழற்சி’: ஒரு மோதல்

தமிழ்வழி இயற்பியல் நூல்களில், ஒழுங்கான அடுக்குகளாகச் செல்லும் பாய்வு ‘வரிச்சீர் ஓட்டம்’ எனவும், ஒழுங்கற்றுக் கலங்கிச் செல்லும் பாய்வு ‘சுழற்சி ஓட்டம்’ எனவும் வழங்கப்படுகின்றன. பின்னது பிழைக்கு இடந்தருகிறது. ஒழுங்கின்மை வேறு, பாய்மக் கூறு தன்னைத்தானே சுற்றுதல் வேறு. கலக்கமே இல்லாத வரிச்சீர் ஓட்டத்திலும் குழாய்ச்சுவரை ஒட்டி இவ்வுட்சுழற்சி உண்டு.

பள்ளி அளவில் சிறிதாகத் தோன்றும் இக்குழப்பம் சார்பியலில் பெரிதாகிறது. அமல்குமார் ராய்சௌதுரி 1955இல் வெளியிட்ட சமன்பாடு, பாய்மத் துகள்களின் பாதைகள் ஒன்றையொன்று நெருங்குவதையும் விலகுவதையும் விரிவு, சறுக்குப் பெயர்ச்சி, சுழற்சி ஆகியவற்றோடும் ஈர்ப்போடும் தொடர்புபடுத்துகிறது. இதில் சறுக்குப் பெயர்ச்சி பாதைகளைக் குவிக்கிறது. சுழற்சி அக்குவிப்பை எதிர்க்கிறது. பென்ரோசும் ஹாக்கிங்கும் 1965 முதல் 1970 வரை நிறுவிய ஒருமைப்புள்ளித் தேற்றங்களின் பின்புலத்தில் இக்குவிப்புக் கருத்தே உள்ளது. ‘சுழற்சி’ என்றதும் கலங்கிய ஓட்டத்தை எண்ணும் மாணவர், கலக்கமே குவிப்பைத் தடுக்கிறது எனப் பொருள்கொள்வார். அது முற்றிலும் தவறான பொருள்.

இம்மோதலைத் தீர்க்கும் வளம் வழக்கிலேயே உள்ளது. ஆற்றோரத்தார் நீர் சுற்றும் இடத்தைச் ‘சுழி’ என்பர். அலைமோதும் நிலையைக் ‘கொந்தளிப்பு’ என்பர். ஒழுங்கற்ற பாய்வுக்குக் ‘கொந்தளிப்பு ஓட்டம்’ என்பதையும், பாய்மக் கூற்றின் உட்சுழற்சிக்குச் ‘சுழிமை’ என்பதையும் வரையறுப்பின் இரண்டும் பிரிந்து நிற்கும்.

‘பாகுநிலை’: ஒரு படிமத்தின் எல்லை

கரும்பு விளையும் விழுப்புர வட்டாரத்தில் ‘பாகு’ என்பதை விளக்க வேண்டியதில்லை. காய்ச்சக் காய்ச்ச இறுகும் வெல்லப்பாகு அடுக்கிடை உராய்வுக்கு உயிருள்ள சான்று. ஆயினும் இப்படிமம் தடிப்பையே உணர்த்துகிறது. அணுக்கரு மோதல்களில் உருவாகும் குவார்க்கு-குளுவான் பிளாஸ்மா ‘ஏறத்தாழ நிறைபாய்மம்’ என 2005இல் புரூக்ஹேவன் ஆய்வகத்தில் அறிவிக்கப்பட்டது. அதன் பாகியல் எண்ணோ கெட்டித் தாரினதைவிடப் பல நூறு மடங்கு மிகுந்ததாக மதிப்பிடப்படுகிறது. அவ்வெண்ணை இயல்பாற்றல் அடர்த்தியால், அதாவது என்ட்ரோபி அடர்த்தியால், வகுக்கும்போது கிடைக்கும் விகிதமே மிகச் சிறியது. நிறைபாய்மம் எனப்படுவது அதனாலேயே. தடிப்பு என்னும் படிமம் இங்குப் பயன்படாது.

மற்றொரு சிக்கலும் உண்டு. மரபுவழிச் சமன்பாட்டில் பாகுநிலையின் விளைவு எல்லையற்ற வேகத்தில் பரவுகிறது. சார்பியல் ஒளிவேகத்தை விஞ்ச இடந்தராது. 1940இல் எக்கார்ட்டும் பின்னர் லாண்டாவ்-லிஃப்ஷிட்சும் வகுத்த சார்பியல் வடிவங்கள் நிலைப்பற்றவை என 1985இல் ஹிஸ்காக், லிண்ட்புளோம் இருவரும் காட்டினர். இஸ்ரேல், ஸ்டுவர்ட் ஆகியோர் 1970களில் வகுத்த கோட்பாடு, தகைவு உடனே தோன்றாமல் ஒரு தளர்வு நேரத்தில் உருவாகிறது எனக் கொண்டு இக்குறையைக் களைய வழிகண்டது. ‘நிலை’ என்னும் ஈறு மாறாத பண்பைச் சுட்டுவதால் காலத்தில் நிகழும் இச்செயல் மறைந்துவிடுகிறது. உந்தம் கடத்தப்படும் நிகழ்வு என்னும் வரையறையும் பாகுப் படிமத்தோடு சேர்த்துத் தொடக்கத்திலேயே தரப்பட வேண்டும்.

மறுப்பும் விடையும்

கலைச்சொல் ஓர் இடுகுறியே. வரையறையே பொருளைத் தரும் எனச் சிலர் வாதிடலாம். ஆங்கிலச் சொற்களும் படிமங்களாகவே பிறந்தவை என்பதும் உண்மை. ஆயினும் மேற்சுட்டிய குறை படிமத்தால் மட்டும் எழுந்ததன்று. இரு வேறு கருத்துகளுக்கு ஒரே சொல் வழங்குமாயின், எவ்வரையறையும் அம்மோதலை முழுதும் நீக்காது. ஆங்கிலச் சொற்களை அப்படியே ஏற்பதும் தீர்வாகாது. ‘பாய்மம்’ தரும் வேர்வழி ஒளி அதனால் இழக்கப்படும்.

முடிவுரை

பாய்மவியல் தமிழ்ச் சொற்களின் வலிமை வேரிலும், குறை தனித்தனியாக ஆக்கப்பட்டமையிலும் உள்ளது. பள்ளிப் பாடத்தை மட்டும் நோக்கி ஆக்கப்படும் சொல் உயராய்வின் வாயிலில் மாணவரைக் கைவிடுகிறது. கலைச்சொல் குழுக்கள் ஒரு துறையின் தொடக்கப் பாடத்தையும் அதன் இறுதி எல்லையையும் ஒருசேர வைத்துச் சொற்களைச் சோதித்தல் வேண்டும். விழுப்புரத்திலோ திண்டிவனத்திலோ மதகின் நீர்ப்பாய்வைத் தமிழில் கணக்கிடக் கற்கும் மாணவர், ராய்சௌதுரியின் சமன்பாட்டையும் அதே சொற்களால் வாசிக்க இயலுமாயின், தமிழ்வழிக் கல்வியை நிறுத்துவதா தொடர்வதா என்னும் விவாதத்திற்கு அதுவே தக்க விடையாகும்.