இல்லாத கோடாலியின் கனம்

கண்டியைச் சுற்றியுள்ள கிராமங்களில், அறுவடை முடிந்தபின் சூடடித்த களத்தில் விடிய விடிய ஆடப்படும் சிங்களக் கிராமிய நாடகமான சொக்கரியைப் பத்தினித் தெய்வத்துக்கான சடங்காகவே பெரும்பாலும் பேசுகிறோம். சடங்குதான். ஆனால், ஆடுபவரின் உடல் அங்கே செய்கிற வேலை தனியே அலசத் தகுந்தது. அதற்குச் சரியான ஒப்பீடு அமெரிக்க மௌனப் படங்களில், குறிப்பாகப் பஸ்டர் கீட்டனின் இரண்டு ரீல் படங்களில் கிடைக்கிறது. சொக்கரியின் கதையில், பிள்ளை வரம் வேண்டி இந்தியாவிலிருந்து புறப்படும் குருஹாமி, மனைவி சொக்கரி, வேலைக்காரன் மூவரும் மரம் வெட்டி, படகு கட்டி, கடல் கடந்து, இலங்கையில் வீடும் கட்டுகிறார்கள். கீட்டனும் ‘ஒன் வீக்’ (1920) படத்தில் வீடு கட்டுகிறார். வீட்டின் பாகங்கள் வந்த பெட்டிகளின் எண்களைப் போட்டியாளன் மாற்றிவிட, சுவர்கள் கோணலாக எழுகின்றன. ‘தி போட்’ (1921) படத்தில் வீட்டுக்குள் அவர் கட்டிய படகு வாசலைவிடப் பெரிது. வெளியே இழுத்ததும் வீடே சரிகிறது. இரண்டு இடத்திலும் சிரிப்பைக் கிளப்புவது விழுவதல்ல, விழும்வரை சிரத்தையோடு வேலை செய்வது. கீட்டன் முகத்தில் சலனமே இருக்காது. சொக்கரியில் மரமும் இல்லை, கோடாலியும் இல்லை. இல்லாத கோடாலியின் கனத்தை இடுப்பிலும் முழங்காலிலும் காட்டவேண்டும், வெட்டு விழும் கணத்தில் கை நின்றாகவேண்டும். அந்தக் கனம் தவறினால் களத்தில் சிரிப்பு எழாது.

பாட்டும் பெர மேளமும் முழங்கும் ஆட்டத்தை மௌனப் படத்தோடு எப்படிச் சேர்ப்பது என்று கேட்கலாம். அந்தப் படங்களும் கொட்டகையில் இசையோடுதான் ஓடின. சொக்கரியில் என்ன வேலை நடக்கிறது என்பதைப் பாட்டு சொல்லிவிடும். அது எவ்வளவு தடுமாறி நடக்கிறது என்பதை உடல்தான் சொல்லியாகவேண்டும். கீட்டன் உயிரைப் பணயம் வைத்தாரே, களத்தில் அந்த ஆபத்து ஏது என்பது இன்னொரு கேள்வி. நியாயமானதே, ஆனால் கீட்டனுக்கு மறுபடி எடுக்க வழியிருந்தது, சுற்றிலும் ஊர் உட்கார்ந்திருக்கும் களத்தில் அது இல்லை. மூன்றாவது ஆட்சேபம்தான் கனமானது: வேலைக்காரனின் பெயரே ஒரு ஒடுக்கப்பட்ட சாதியின் பெயர். அதில் பிறக்கும் சிரிப்பை என்னால் ஏற்க முடியாது, மரபு என்று சொல்லி அதைக் காப்பாற்றவும் கூடாது. மரம் வெட்டும் அபிநயத்துக்கு அந்தப் பெயர் தேவையே இல்லை. பெயரை எடுத்துவிட்டாலும் ஆட்டம் நிற்கும்.

பேராதனைப் பல்கலைக்கழகத்தில் கற்பித்த எதிரிவீர சரச்சந்திர, சிங்களக் கிராமிய நாடகம் பற்றிய ஆய்வில் சொக்கரிக்கும் இடம் கொடுத்தார். இனித் தேவை, அசைவு அசைவாகப் பார்க்கும் பதிவு. படம்பிடிப்பவர்கள் முகத்தை நெருங்கவேண்டாம். கீட்டன் தன் சாகசங்களை எடுத்ததுபோல, தலைமுதல் பாதம்வரை தெரியும்படி, வெட்டாமல் ஒரே ஷாட்டில் எடுக்கட்டும்.